ரொசெட்டா வீட்டுக்கு அனுப்பிய பணம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். அப்பாவுக்கு முட்டிவலி பரவாயில்லை, மாடிப்படி ஏறும்போது மட்டும் முனகுகிறார்.

ஞாயிற்றுக்கிழமை போனில், ஆண் வேடத்தில் பட்டாளத்தில் சேர்ந்த அந்த அமெரிக்கப் பெண்ணின் கதையை ஆரம்பித்தேன், அதற்குள் உனக்கு ஷிஃப்ட் வண்டி வந்துவிட்டது. "அதெப்படிம்மா, பக்கத்துல படுத்திருந்தவனுக்குக்கூடத் தெரியாமப் போச்சு?" என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டாய். இதைப் போனில் துண்டு துண்டாகச் சொன்னால் சரிவராது. அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

அவள் பெயர் சாரா ரொசெட்டா வேக்மேன். நியூயார்க் மாநிலத்தில் ஆஃப்டன் என்ற சின்ன ஊரில் விவசாயக் குடும்பம். ஒன்பது பிள்ளைகளில் இவள்தான் மூத்தவள். அப்பாவுக்குக் கடன். 1862-ல், அமெரிக்க உள்நாட்டுப் போர் நடந்த சமயம், பத்தொன்பது வயதில், ஆண் உடை போட்டுக்கொண்டு வீட்டைவிட்டுக் கிளம்பினாள். முதலில் போனது போருக்கு இல்லை, கால்வாயில் நிலக்கரி ஏற்றிப்போகும் படகு வேலைக்கு. நான்கு நடைக்கு 20 டாலர் என்று பேச்சு. முதல் நடையிலேயே வழியில் பட்டாளத்துக்கு ஆள் எடுப்பவர்கள் எதிர்ப்பட்டு, சேர்ந்துகொள் என்றார்கள். சேர்ந்துவிட்டாள். 153-வது நியூயார்க் காலாட்படை. லயன்ஸ் வேக்மேன் என்று பெயர் கொடுத்தாள், வயது 21 என்றாள். கைக்குக் கிடைத்த ஊக்கத்தொகை 152 டாலர். அப்போது சிப்பாயின் மாதச் சம்பளம் 13 டாலர். கணக்குப் போட்டுப் பார், ஏறக்குறைய ஒரு வருடச் சம்பளம் ஒரே நாளில். பெண்ணாக வீட்டுவேலைக்குப் போயிருந்தால் அந்தப் பணத்தை எங்கே கண்ணால் பார்த்திருப்பாள்?

சரி, உன் கேள்விக்கு வருகிறேன். மருத்துவப் பரிசோதனை இருந்தது, ஆனால் பேருக்குத்தான். விரல் மடங்குகிறதா, நடக்க வருகிறதா, முன்பல் இருக்கிறதா, அவ்வளவுதான் பல இடங்களில். பல் எதற்கு என்றால், அந்தக் காலத் தோட்டா காகிதத்தில் சுற்றி வரும். பல்லால் கடித்துக் கிழித்து, வெடிமருந்தைத் துப்பாக்கிக் குழாயில் கொட்டி, கோலால் இடித்து இறக்க வேண்டும். (1857-ல் நம் நாட்டுச் சிப்பாய்கள் கடிக்க மாட்டேன் என்று நின்றதும் இந்த மாதிரித் தோட்டாவைத்தான்.) பல் இருந்தால் ஆள் தேறிவிட்டான்.

அதற்கப்புறம் தொளதொள சீருடை. இரவிலும் உடுப்போடுதான் படுப்பார்கள். குளியல் என்பது எப்போதாவது. மீசை முளைக்காத பையன்கள் பட்டாளம் முழுக்க இருந்தார்கள், வயதைக் கூட்டிச் சொல்லிச் சேர்ந்தவர்கள். அவர்களில் ஒருத்தனாக இவளும் கலந்துவிட்டாள். இதையெல்லாம்விட முக்கியம், பெண் கால்சட்டை போடுவாள் என்ற நினைப்பே அன்றைய மனிதர்களுக்குக் கிடையாது. கால்சட்டை போட்டிருந்தால் ஆண், முடிந்தது கதை. ஹெல்மெட்டும் கவராலும் மாட்டினால் சைட்டில் எல்லோரும் என்னையும் "பையா" என்றுதான் கூப்பிடுகிறார்கள் என்று நீ சிரித்தாயே, அதேதான்.

இன்னொன்றையும் சேர்த்துக்கொள். தெரிந்தவர்களும் சும்மா இருந்திருக்கிறார்கள். வேறு படைப்பிரிவில் இருந்த ஊர்க்காரர்கள் இரண்டு பேரை அவள் போய்ப் பார்த்தாள். பார்த்த உடனே அடையாளம் கண்டுகொண்டார்கள் என்று அவளே வீட்டுக்கு எழுதியிருக்கிறாள். யாரும் காட்டிக்கொடுக்கவில்லை.

இதெல்லாம் நமக்குத் தெரிவதே அந்தக் கடிதங்களால்தான். நூறு வருடத்துக்கும் மேலாக அவள் குடும்பத்தார் அவற்றைப் பரணில் வைத்துக் காப்பாற்றியிருக்கிறார்கள். 1994-ல்தான் புத்தகமாக வந்தது. எழுத்துப்பிழை மலிந்த எழுத்து. முப்பது வருடம் சிவப்புப் பேனா பிடித்த கைக்கு அரிப்பெடுக்கிறது. ஆனால் ஒரு வரிகூடப் பொய் வேஷம் இல்லை. சில கடிதங்களில் சொந்தப் பெயரில் கையெழுத்து, சிலவற்றில் ஆண் பெயரில். எவனோ ஒருத்தன் வம்புக்கு வந்தான், மூன்று நான்கு அடி கொடுத்தேன், கீழே ஓடிவிட்டான் என்று ஒரு கடிதம். நல்ல துணி இருக்கிறது, சாப்பாடு இருக்கிறது, துப்பாக்கியை மற்றவர்களைப் போலவே எனக்கும் கையாள வருகிறது, வாழ்க்கையில் இவ்வளவு சந்தோஷமாக இருந்ததே இல்லை என்று இன்னொன்று.

வாஷிங்டனில் அவளுக்குச் சிறைக் காவல் வேலை கொஞ்ச காலம். அங்கே அடைத்து வைத்திருந்த பெண்களில் ஒருத்தி, படை அதிகாரியாகக் குதிரையில் ஏறிக் குண்டுமழையில் உத்தரவு போட்டவளாம். போர் விதிமுறையை மீறினாள் என்று சிறை. இதை இவள் ஒரு செய்தி போல எழுதிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விடுகிறாள். கதவுக்கு உள்ளே அவள், வெளியே துப்பாக்கியோடு இவள்! எனக்குத்தான் படிக்கும்போது வயிற்றைப் பிசைந்தது.

இந்த மாதிரிப் பெண்களைப் பற்றி அன்றைய கதைப் புத்தகங்களுக்கும் பாட்டுகளுக்கும் பஞ்சமில்லை. 1840-களில் ஃபேனி கேம்ப்பெல் என்ற கொள்ளைக் கப்பல் தலைவியைப் பற்றி ஒரு மலிவு விலை நாவல் வந்தது. முடியை வெட்டிக்கொண்டு, ஆண் வேடத்தில் கடலுக்குப் போகிறாள், எதற்கு? காதலனை மீட்க. பாட்டுகளிலும் அதே கதை, காதலன் போருக்குப் போவான், பின்னாலேயே இவள் போவாள், கடைசியில் கல்யாணம். நம் பழைய சினிமாவில் கதாநாயகி மீசை ஒட்டிக்கொண்டு வந்தாலும் அதே காரணம்தானே. அந்த நாவலைப் படித்துவிட்டுத்தான் சாரா எம்மா எட்மண்ட்ஸ் என்ற கனடாப் பெண்ணுக்கு இந்த எண்ணமே வந்ததாம். ஃபிராங்க் தாம்சன் என்ற பெயரில் இரண்டாவது மிச்சிகன் படையில் இருந்தவள். ஆனால் அவள் வீட்டைவிட்டு ஓடியது காதலனைத் தேடி இல்லை, அப்பா பார்த்து வைத்த கல்யாணத்திலிருந்து தப்பிக்க. பின்னால், 1884-ல், அரசாங்கம் மாதம் 12 டாலர் பென்ஷன் கொடுத்தது.

ரஷ்யாவின் நதேழ்தா துரோவா இன்னும் ஒரு படி மேல். நெப்போலியனை எதிர்த்துக் குதிரைப்படையில் போரிட்டவர். ஜார் மன்னர் அலெக்சாண்டர் நேரில் அழைத்து உண்மையைத் தெரிந்துகொண்டு, பதக்கமும் கொடுத்து, தன் பெயரையே அவருக்குச் சூட்டிப் படையில் தொடர விட்டார். 1836-ல் அவருடைய நினைவுக்குறிப்பின் ஒரு பகுதியைக் கவிஞர் புஷ்கின் தன் பத்திரிகையில் வெளியிட்டார். துரோவா நன்றாக எழுதுவார், படித்தால் கீழே வைக்க முடியாது. ஆனால் ஒன்றை மறைத்துவிட்டார். வீட்டைவிட்டுப் போகும்போது அவருக்குக் கல்யாணமாகி மகனும் இருந்தான். புத்தகத்தில் அவர் கன்னிப்பெண், வயதும் சில வருடம் குறைவு. மூன்று வயதுப் பிள்ளையை விட்டுவிட்டுப் போனவள் என்று எழுதினால் வாசகர்கள் ஏற்கமாட்டார்கள் என்று நினைத்தாரோ என்னவோ. பிற்காலத்தில் அந்த மகன் "அம்மா" என்று விளித்து எழுதிய கடிதத்துக்குப் பதிலே போடவில்லை, படைப்பெயரைப் போட்டு எழுதிய பிறகுதான் பதில் வந்தது என்று ஒரு கதை உண்டு. உண்மையோ பொய்யோ, அந்த இடத்தில் எனக்கு அவர்மேல் கோபம்தான் வந்தது. அப்பா மட்டும், "ஆம்பளை இதைச் செஞ்சா உனக்குக் கோபம் வருமா?" என்று கேட்டார். வரும் என்றேன். அவர் நம்பவில்லை.

ரொசெட்டாவிடம் திரும்புகிறேன், ஏனென்றால் நான் எழுத வந்ததே அவளைப் பற்றித்தான். அவள் கடிதங்களில் காதலன் கிடையாது. இருப்பது பணம். படையிலிருந்து வந்த முதல் கடிதத்திலேயே சொல்கிறாள்: நான் அனுப்பும் பணத்தைக் குடும்பத்தின் துணிமணிக்கும் சாப்பாட்டுக்கும் செலவு செய்யுங்கள், எனக்காகச் சேர்த்து வைக்க வேண்டாம். அப்புறம் என்னைப் பற்றிக் கவலைப்படாதீர்கள் என்பது அடிக்கடி வரும். இடையில் ஒரு ஆசையையும் எழுதினாள். போர் முடிந்தால் வந்து உங்களையெல்லாம் பார்ப்பேன், ஆனால் தங்கமாட்டேன், விஸ்கான்சினில் சமவெளியில் சொந்தமாக நிலம் வாங்குவேன் என்று.

1864 பிப்ரவரியில் அவள் படையை லூசியானாவுக்கு அனுப்பினார்கள். ஏப்ரல் 9-ம் தேதி பிளசன்ட் ஹில் என்ற இடத்தில் சண்டை. நான்கு மணிநேரம் குண்டுகளுக்கு நடுவில் இருந்தேன், ராத்திரி முழுக்கப் போர்க்களத்திலேயே படுத்திருந்தேன் என்று ஐந்து நாள் கழித்து எழுதினாள். அதுதான் கடைசிக் கடிதம். குண்டு ஒன்றும் செய்யவில்லை. வயிற்றுப்போக்கு பிடித்துக்கொண்டது. அந்தப் போரில் செத்த சிப்பாய்களில் மூன்றில் இரண்டு பங்கு நோயால் செத்தவர்கள்தான். நியூ ஆர்லியன்ஸ் ராணுவ மருத்துவமனையில் நான்கு வாரம் கிடந்து ஜூன் 19-ம் தேதி போய்விட்டாள். அப்போதும் அவள் பெண் என்று யாரும் எழுதி வைக்கவில்லை. கல்லறைக் கல்லில் இன்றைக்கும் லயன்ஸ் வேக்மேன் என்றுதான் இருக்கிறது.

அந்த அம்மா அப்பா என்ன பதில் எழுதினார்கள் என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன். புத்தகத்தில் மகள் எழுதியவைதான் இருக்கின்றன. பணம் வந்து சேர்ந்தது, இந்தக் கடன் அடைந்தது என்று எழுதியிருப்பார்கள். போதும் மகளே, இனிமேல் விஸ்கான்சினுக்குச் சேர்த்து வை என்று ஒருவராவது எழுதினார்களா?

பாப்பா, வீட்டுக் கடனில் பெரும்பகுதியை நீ அடைத்துவிட்டாய். மிச்சத்துக்கு என் பென்ஷனே போதும், பேங்க்கில் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். தம்பி படிப்புக்கு அப்பாவின் பி.எஃப். பணம் அப்படியே இருக்கிறது. மேலே படிக்க வேண்டும் என்று இரண்டு வருடமாகச் சொல்கிறாய், ஃபாரத்தைக்கூட வாங்கி வைத்திருக்கிறாய் என்று தம்பி சொன்னான். அடுத்த மாதத்திலிருந்து பணம் அனுப்பாதே. அனுப்பினால் மறுநாளே உன் கணக்குக்குத் திருப்பிவிடுவேன், இப்போது எனக்குப் போனிலேயே போடத் தெரியும்.

ஃபாரம் கொடுக்கக் கடைசித் தேதி எது என்று எழுது.

இப்படிக்கு,
அம்மா