வேலிப் புதருக்கும் வலசை வருகிறது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

வலசைப் பறவைகள் பற்றி நீங்கள் வெளியிட்ட கட்டுரையை ஆர்வத்தோடு படித்தேன். வேடந்தாங்கல், கூந்தன்குளம், கோடியக்கரை, பூநாரை, வரித்தலை வாத்து எல்லாம் இருந்தன; படங்களும் அருமை. ஆனால் நம் வீட்டுக் கொல்லைக்கே வந்து அரை வருஷத்துக்கு மேல் தங்கிப் போகிற பிளைத் நாணல் கதிர்க்குருவியைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே என்பதுதான் என் குறை.

சிட்டுக்குருவியைவிட மெலிந்த உடம்பு, மேலே மங்கிய பழுப்பு, அடியில் வெளிர் நிறம், எடை 10, 12 கிராம். இதற்கு ஏரியோ சரணாலயமோ தேவையில்லை. மருதாணிச் செடி, நொச்சி வேலி, மாமரத்தின் தாழ்ந்த கிளை இருந்தால் போதும். புதருக்குள்ளேயே பூச்சி தேடித் திரிவதால் கண்ணில் படுவது அபூர்வம். கூழாங்கற்களைத் தட்டியது போல ‘டக்... டக்’ என்று ஒரு சத்தம் வரும். ஆவணி கடைசியிலோ புரட்டாசியிலோ அந்தச் சத்தம் கேட்டால் குருவி வந்துவிட்டது என்று பொருள். சித்திரைவாக்கில் கிளம்பிவிடும்.

இது குஞ்சு பொரிப்பது பின்லாந்து, ரஷ்யா தொடங்கி சைபீரியா, கஜகஸ்தான் வரையிலான பகுதிகளில். பின்லாந்திலிருந்து சென்னைக்கு நேர்கோட்டில் அளந்தாலே 6,500 கிலோமீட்டருக்கு மேல். ஐரோப்பாவில் கூடுகட்டும் கதிர்க்குருவிகளில் பெரும்பாலானவை குளிருக்கு ஆப்பிரிக்கா போக, இதுவோ தென்கிழக்கே திரும்பி இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வருகிறது. இரவில்தான் பயணம். விண்மீன்களையும் பூமியின் காந்தப்புலத்தையும் வைத்து இத்தகைய சிறு பறவைகள் திசை அறிகின்றன. நினைக்க நினைக்க எனக்குப் பிரமிப்பு அடங்குவதில்லை.

குஞ்சு பொரிக்கும் இடங்களில் கோடை இரவுகளில் மற்றப் பறவைகளின் குரலையெல்லாம் சேர்த்து இது பாடுமாம். இங்கே பெரும்பாலும் அந்த ‘டக்’ மட்டும்தான். ஆனால் கிளம்புவதற்கு முன், மார்ச், ஏப்ரலில், புதருக்குள்ளிருந்து அடங்கிய குரலில் பாடுவதைக் கேட்கலாம். இதற்கு அறிவியல் பெயரிட்டு 1849இல் விவரித்தவர் கல்கத்தா ஆசியக் கழக அருங்காட்சியகத்தில் பணியாற்றிய எட்வர்ட் பிளைத்.

என் கவலை வேலிகளைப் பற்றியது. கிளுவையும் நொச்சியும் ஆடாதொடையும் நின்ற இடத்தில் இப்போது காம்பவுண்டுச் சுவர். மிச்சமிருப்பதையும் மழைக்கு முன் ‘சுத்தம் செய்கிறோம்’ என்று, குருவிகள் வந்து இறங்குகிற அதே நேரத்தில் இயந்திரத்தை வைத்து அடியோடு வழித்துவிடுகிறார்கள். எங்கள் தெருக்கோடியிலும் அதுதான் நடந்தது. பாம்புக்குப் பயப்படுவது நியாயம்தான், நானும் பயப்படுவேன். அதற்காக மொத்தத்தையும் அழிக்க வேண்டுமா? வாசலையும் நடைபாதையையும் ஒட்டி வெட்டிவிட்டு, பின்பக்க வேலியை விட்டுவைக்கலாமே. வெட்டியே ஆக வேண்டுமென்றால், தையல்சிட்டு கூடு வைத்திருக்கிறதா என்று பார்த்து, ஒரு பக்கம் இந்த வருஷம், மறுபக்கம் அடுத்த வருஷம் என்று வெட்டலாம். அப்புறம், செடிக்குப் பூச்சிமருந்து அடித்தால் கதிர்க்குருவியின் சாப்பாடே போய்விடும்.

பொங்கல் விடுமுறையில் தமிழகம் முழுக்கப் பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. வீட்டுத் தோட்டத்தில் நின்று 15 நிமிடம் பார்த்து, பார்த்ததை இ-பேர்ட் தளத்தில் பதிந்தாலே அதில் சேரலாம். அதற்கு முந்தைய வாரம், தோட்டத்துக்கு வரும் கதிர்க்குருவி, சாம்பல் வாலாட்டி, பழுப்புக் கீச்சான் ஆகியவற்றின் படங்களோடு அரைப்பக்கம் ஒதுக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
திருச்சி