வேறு பிள்ளையை வைத்து எடுக்கப்போகிறேன்

தங்கச்சி,

முடிவெடுத்துவிட்டேன். என் படத்தில் நீ நடித்த காட்சிகளை வேறொரு பிள்ளையை வைத்துத் திரும்ப எடுக்கப்போகிறேன். என் போனை நீ எடுப்பதில்லை, அதனால்தான் இங்கே எழுதுகிறேன். உன் பெயரும் ஊரும் இதில் இல்லை. ஏன் விலகினாய் என்பதையும் எழுதமாட்டேன். படிக்கிறவர்கள் அதைக் கேட்கவேண்டாம்.

மட்டக்களப்புக் கல்லடியில் எடுத்த அந்த இரவை மறக்க முடியவில்லை. 1924இல் திறந்த பழைய பாலமும் வேண்டும், நிலவும் வேண்டும் என்று போயாவுக்கு, பௌர்ணமிக்கு, காத்திருந்து தோணி பிடித்தோம். ஸ்கிரிப்டில் நீ அழவேண்டும். தோணிக்கார மாமா துடுப்பைத் தண்ணீருக்குள் இறக்கி, மற்ற நுனியில் காதை வை, மீன் பாடும் என்றார். வைத்தாய். புருவம் சுருங்கியது, வாய் கொஞ்சம் திறந்தது. அப்புறம் கேமராவையே மறந்து, "அக்கா, கேக்குது!" என்று என்னைப் பார்த்தாய். நான் கட் சொல்லவில்லை. மைக்கில் மீன் சத்தம் விழவே இல்லை, உன் குரலும் வாவி அலையும்தான் இருந்தன. அந்த ஒரு ஷாட்டுக்காகக் கதையின் பின்பாதியை மாற்றி எழுதினேன்.

அந்த நேரத்தில் உன்னைத் தோணியில் ஏற்றியதற்கு ஊர் பேசிய பேச்செல்லாம் உன் தலையில்தான் விழுந்தது. மன்னித்துக்கொள். ஆனால் உன் அம்மாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதானே எடுத்தேன்? அதற்கு மேல் நான் என்ன செய்வது?

நீயாவது ஒரு வார்த்தை எனக்காகப் பேசியிருக்கலாம். "படத்துல இருந்து என்னை எடுத்துருங்க அக்கா" என்று வாட்ஸ்அப்பில் ஒரு வொய்ஸ், அதோடு சரி. எடிட்டிங்கில் என் பக்கத்தில் இருந்தவள் நீ. உன்னை எடுத்தால் படத்தில் என்ன மிஞ்சும் என்று உனக்குத் தெரியாதா? இலங்கையிலேயே எடுத்த முதல் தமிழ்ப் படம் வந்தது 1962இல். இன்றைக்கும் மட்டக்களப்புத் தியேட்டர்களை நிரப்புவது சென்னைப் படம்தான். நாங்கள் மண்டபம் பிடித்து, டிக்கெட்டைக் கையில் கொண்டுபோய் விற்று, இரண்டு காட்சி ஓட்டினாலே பெரிய விஷயம். எனக்குத் தயாரிப்பாளர் யார் இருக்கிறார்? கல்யாண வீடியோ எடுத்த காசில் எடுத்த படம் இது.

அம்மாவைச் சந்தையில் கண்டேன். நீ சுகம் என்றா. சந்தோஷம் புள்ள, உண்மையாகவே.

புதுப் பிள்ளை நன்றாக நடிக்கிறாள். தோணிக் காட்சியை மட்டும் அவளை வைத்து எடுக்கமாட்டேன், அது படத்தில் இல்லை. உன் ஷாட் என் ஹார்ட் டிஸ்க்கில் கிடக்கும். யூடியூப்பிலோ ஃபேஸ்புக்கிலோ வராது, உன் வீட்டாருக்கு அந்தப் பயம் வேண்டாம். உனக்குத் தரவேண்டிய மிச்சக் காசை அம்மாவிடம் கொடுத்துவிடுகிறேன். திருப்பி அனுப்பாதே.

அக்கா