மேப்பிள் கன்று வாங்குமுன்

ஆசிரியர் அவர்களுக்கு,

மலையகத்தில், இலையுதிர்காலத்தில் இலைகள் சிவக்கும் குளிர்நாட்டு மரமான மேப்பிளை வளர்க்க விரும்பும் வாசகர்களுக்காக இதனை எழுதுகிறேன். ஏறத்தாழ 1,868 மீற்றர் உயரத்திலுள்ள நுவரெலியாவில்கூட, உறைபனி விழும் ஜனவரி, பெப்ரவரி விடியற்காலைகளை தனக்குத் தேவையான நீண்ட குளிர்காலமாக அம்மரம் ஏற்றுக்கொள்வதில்லை. பண்டாரவளை போன்ற தாழ்ந்த ஊர்களில் நம்பிக்கை இன்னும் குறைவு.

"நல்ல வெயிலில் வையுங்கள், அப்போதுதான் சிவக்கும்" என்று விற்றவர் சொன்னதை நம்பி, ஜப்பானிய மேப்பிள் கன்றொன்றை மேற்குச் சுவரோரம் நட்டேன். பெப்ரவரி மாத வறண்ட காற்றில், விரல்கள் போல் விரிந்திருந்த இலைகளின் நுனிகள் ஒவ்வொன்றாகக் கருகிச் சுருண்டன. பின்னர், காலை வெயில் மட்டும் படும் கிழக்குப் பக்கத்துக்கு மாற்றி, மழைநீர் தேங்காதபடி மண்ணை மேடாக்கி, அடித்தண்டைத் தொடாமல் சருகு பரப்பியபோதே புதுத் துளிர் வந்தது. விதையிலிருந்து வளர்ப்பவர்கள், ஈரமணலில் பொதிந்து சுமார் மூன்று மாதங்கள் குளிர்சாதனப் பெட்டியில் வைத்த பின்னரே விதைக்க வேண்டும்.

பகல் குறுகிவருவதும் இலைகள் சிவக்க ஒரு தூண்டுகோல்; பகற்பொழுதின் நீளம் ஆண்டு முழுவதும் ஒரு மணிநேரம்கூட மாறாத நம் மலையகத்தில், கனடாப் படங்களில் காணும் செந்நிறத்தை எதிர்பார்ப்பது வீண். சிவப்பே வேண்டுமெனில், ஹோட்டன் சமவெளியின் கீனா மரத்துத் துளிர்கள் போதாதா?

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
நுவரெலியா.