பால்கன் சுற்றுலாவுக்குப் பணம் கட்டும் முன் எத்தனை நுழைவு என்று கேளுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தென்கிழக்கு ஐரோப்பாவின் பால்கன் நாடுகளுக்குச் சிறு குழுவாக வேனில் அழைத்துப்போகும் சுற்றுலாக்களின் விளம்பரங்கள் இப்போது நிறையக் கண்ணில் படுகின்றன. '10 நாளில் 6 நாடு', '12 நாளில் 8 நாடு' என்று நாட்டுக் கணக்கைத்தான் பெரிய எழுத்தில் போடுகிறார்கள். போக நினைப்பவர்களும் அந்த எண்ணை வைத்தே ஒரு திட்டத்தை இன்னொன்றோடு ஒப்பிடுகிறார்கள். ஆனால் அந்தப் பகுதியில் பயணம் முழுதாக முடியுமா, நடுவழியில் ஒரு எல்லைச் சாவடியில் நின்றுவிடுமா என்பதை முடிவு செய்யும் எண் வேறு. ஷெங்கன் பகுதிக்குள், அதாவது ஒரே விசாவில் போய்வரக்கூடிய ஐரோப்பிய நாடுகளின் கூட்டுக்குள், எத்தனை முறை நுழைகிறோம் என்பதுதான் அது. விசா எடுத்துப் போகவேண்டிய பாஸ்போர்ட் வைத்திருப்பவர்கள் எல்லாரும் முதலில் கேட்கவேண்டியது இதைத்தான்.

பால்கனில் ஸ்லோவேனியா, குரோஷியா, கிரீஸ், பல்கேரியா, ருமேனியா ஆகியவை ஷெங்கனுக்குள் இருக்கின்றன. குரோஷியா சேர்ந்தது 2023 ஜனவரி 1-இல். பல்கேரியா, ருமேனியாவின் தரைவழி எல்லைகள் 2025 ஜனவரி 1-இல் திறந்தன. போஸ்னியா, செர்பியா, மொண்டெனேகுரோ, கொசோவோ, அல்பேனியா, வடக்கு மாசிடோனியா ஆறும் வெளியே இருக்கின்றன. பாதையோ இந்த இரண்டு வகை நாடுகளுக்கும் நடுவே ஊசிநூல் மாதிரி உள்ளே போய் வெளியே வருகிறது.

அதிகம் விற்கும் வழித்தடத்தையே எடுத்துக்கொள்ளுங்கள்: குரோஷியாவில் ஜாக்ரெப், பிளிட்விட்சே ஏரிகள், ஸ்ப்ளிட், போஸ்னியாவில் மோஸ்தார், சரயேவோ, மொண்டெனேகுரோவில் கோட்டோர், கடைசியில் மறுபடி குரோஷியாவின் டுப்ரோவ்னிக், அங்கிருந்து விமானம். பார்வைக்கு மூன்றே நாடுகள். ஆனால் ஸ்ப்ளிட்டிலிருந்து மோஸ்தாருக்குப் புறப்பட்டதுமே ஷெங்கனை விட்டு வெளியேறிவிடுகிறோம். டுப்ரோவ்னிக்குக்கு வருவது இரண்டாவது நுழைவு. ஒற்றை நுழைவு விசா போஸ்னியாவுக்குள் காலெடுத்து வைத்தபோதே தீர்ந்துபோயிருக்கும். அதோடு மொண்டெனேகுரோவின் டெபெலி பிரியெக் சாவடியைத் தாண்டி, எதிரே குரோஷியாவின் கரசோவிச்சி சாவடியில் போய் நின்றால் உள்ளே விடமாட்டார்கள். வேன் மற்றவர்களோடு போய்விடும். திரும்பும் விமானமோ எல்லைக்கு அந்தப் பக்கம் இருக்கும்.

டுப்ரோவ்னிக்கில் இன்னொரு சிக்கலும் உண்டு. போஸ்னியா கடலைத் தொடும் நெயூம் என்ற சுமார் 20 கிலோமீட்டர் கரை, அந்த ஊரைக் குரோஷியாவின் மற்றப் பகுதியிலிருந்து பிரித்து வைத்திருக்கிறது. 2022 ஜூலையில் பெல்யெஷாட்ஸ் பாலம் திறந்த பிறகு, ஸ்ப்ளிட்டிலிருந்து போஸ்னியாவைத் தொடாமலே டுப்ரோவ்னிக் போகலாம். பாலத்தின் நீளம் 2,404 மீட்டர். ஆனால் சில ஓட்டுநர்கள் பழக்கத்தில் நெயூம் சாலையையே பிடிக்கிறார்கள். அங்கே சாமான் விலை குறைவு என்று நிறுத்துபவர்களும் உண்டு. அப்படிப் போனால் ஒரு வெளியேற்றம், ஒரு நுழைவு கூடிவிடும். திட்டத்தில் 'ஸ்ப்ளிட் – டுப்ரோவ்னிக்' என்று மட்டும் இருந்தால், பாலம் வழியா நெயூம் வழியா என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

எண்ணும் வழி எளிது. பயணத் திட்டத்தில் வெளியிலிருந்து ஷெங்கனுக்குள் நுழையும் ஒவ்வொரு இடத்திலும் பேனாவால் ஒரு வட்டம் போடுங்கள். வட்டம் இரண்டு என்றால் குறைந்தது இரண்டு நுழைவுக்கான விசா வேண்டும்; அதற்கு மேல் என்றால் பலமுறை நுழைவு விசாதான். விசா ஸ்டிக்கரில் நுழைவு எண்ணிக்கைக்கான கட்டத்தில் 01 என்றோ 02 என்றோ 'மல்ட்' (பலமுறை) என்றோ இருக்கும். கைக்கு வந்த அன்றே அதைப் பாருங்கள். விண்ணப்பிக்கும்போதே, எந்தத் தேதியில் எந்த எல்லை வழியாக வெளியேறி எங்கே திரும்ப நுழைகிறோம் என்று சுற்றுலா நடத்துபவரின் கடிதத்தோடு காட்டினால், பலமுறை நுழைவு ஏன் தேவை என்பது தூதரகத்துக்குப் புரியும். விண்ணப்பம் போடவேண்டியது ஷெங்கன் நாடுகளுக்குள் அதிக நாள் தங்கும் நாட்டிடம். போஸ்னியாவில் கழிக்கும் நாட்களை இந்தக் கணக்கில் சேர்க்கக் கூடாது. இதில் தவறுபவர்கள் நிறையப் பேர்.

பலமுறை நுழைவு விசாவுக்கு இன்னொரு பயனும் உண்டு. ஷெங்கனுக்கு வெளியே இருக்கும் நாடுகள் அதைப் பார்த்தே தனி விசா இல்லாமல் உள்ளே விடுகின்றன. ஆனால் ஒவ்வொன்றுக்கும் ஒரு விதி. வடக்கு மாசிடோனியா 15 நாள் தருகிறது. போஸ்னியாவும் மொண்டெனேகுரோவும் 30 நாள். செர்பியா 180 நாளில் 90 நாள். அல்பேனியாவின் விதியைத்தான் யாரும் படிப்பதில்லை: அந்த விசா ஏற்கெனவே ஒரு முறையாவது ஷெங்கன் நாட்டில் பயன்படுத்தப்பட்டிருக்க வேண்டும். புத்தம்புது விசாவோடு நேரே அல்பேனியத் தலைநகர் திரானாவில் இறங்கித் தொடங்கும் சுற்றுலா, முதல் நாள் விமான நிலையத்திலேயே சிக்கும். அதே சுற்றுலாவை ஜாக்ரெப்பிலோ கிரீஸின் தெசலோனிகியிலோ தொடங்கினால் பிரச்சினையே இல்லை. இந்த விதிகள் மாறக்கூடியவை. எனவே புறப்படும் வாரத்தில் அந்தந்த நாட்டு வெளியுறவு அமைச்சகத்தின் இணையதளத்தில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்வது அவசியம்.

கொசோவோவைச் சேர்த்த திட்டங்களில் பாதையின் வரிசையே முக்கியம். கொசோவோவைச் செர்பியா தனி நாடாக ஏற்கவில்லை. அல்பேனியாவிலிருந்தோ வடக்கு மாசிடோனியாவிலிருந்தோ கொசோவோவுக்குள் போய், அங்கிருந்து நேரே செர்பியாவுக்குள் நுழைந்தால், செர்பியாவின் கணக்கில் அது முறையான நுழைவு ஆகாது, திருப்பி அனுப்பலாம். செர்பியாவை முதலில் முடித்துக்கொண்டு கொசோவோ போய், தெற்கே இறங்குவது சரியான வரிசை. இதைப் புரட்டிப் போட்டிருக்கும் திட்டத்தைப் பார்த்தால், அதைப் போட்டவருக்கு அந்தப் பாதை தெரியாது என்றே கொள்ளலாம்.

மருத்துவக் காப்பீட்டிலும் இதே ஓட்டை இருக்கிறது. விசாவுக்காக வாங்கும் 30,000 யூரோ காப்பீடு சில நேரம் ஷெங்கன் நாடுகளுக்கு மட்டுமே செல்லும். மொண்டெனேகுரோவின் துர்மிதோர் மலையில் கால் பிசகினால் அது உதவாது. பாலிசியில் ஷெங்கனுக்கு வெளியே நீங்கள் போகும் ஒவ்வொரு நாட்டின் பெயரும் இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பாருங்கள்.

அடுத்து வண்டி. 'சிறு குழு' என்றால் 8 பேரா, 16 பேரா என்று கேளுங்கள். ஓட்டுநரைத் தவிர 8 பேர் வரை ஏற்றும் வேனைச் சாதாரணக் கார் உரிமத்தில் ஓட்டலாம். 16 பேர் வரை என்றால் மினிபஸ் உரிமம் வேண்டும். இந்த வேறுபாடு பயணிகளையும் பாதிக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் ஓட்டும் நேர விதிப்படி ஒரு நாளில் பொதுவாக 9 மணி நேரம்தான் ஓட்டலாம். நாலரை மணி நேரம் ஓட்டினால் 45 நிமிட ஓய்வு கட்டாயம். ஓட்டுநரையும் சேர்த்து 9 பேருக்கு மேல் ஏற்றும் வண்டிகளுக்குத்தான் அந்த விதி. 8 பேர் வேனில் ஓட்டுநரே வழிகாட்டியாகவும் இருப்பார். பகல் முழுக்க ஓட்டிவிட்டு, ஊர் சுற்றிக் காட்டிவிட்டு, மறுநாள் காலை 7 மணிக்கு மறுபடி ஸ்டியரிங்கைப் பிடிப்பார். அவர் எத்தனை மணி நேரம் ஓட்டுகிறார் என்று பதிவு செய்யும் கருவியும் அந்த வண்டியில் இருக்கவேண்டிய கட்டாயமில்லை. ஆகவே ஒரு நாளில் அதிகபட்சம் எத்தனை மணி நேரம் ஓட்டுவார், அடுத்தடுத்து எத்தனை நாள் ஓட்டுவார் என்று முன்பே கேட்பதில் தவறில்லை. மழையில், இருட்டில், மலைச்சாலையில் வரப்போகிறவர்கள் நாம்.

பெட்டி விஷயம் சிறியதுபோலத் தெரியும். 9 இருக்கை வேனில் எல்லா இருக்கையும் நிரம்பினால், கடைசி வரிசைக்குப் பின்னால் இருக்கும் இடத்தில் 8 பெரிய கெட்டிப் பெட்டிகள் கொள்ளாது. நீளமான வகை வேன் என்றாலும் நடுத்தரப் பெட்டிகள்தான் சரிப்படும். துணிப்பை மாதிரி மடங்கும் பையாகக் கொண்டுபோனால் இடுக்கில் அழுத்தி வைக்கலாம். டுப்ரோவ்னிக், கோட்டோர் பழைய நகரங்களின் மதில்களுக்குள் வண்டி வராது. அங்கே தங்கினால் கல் பாவிய சந்திலும் படியிலும் பையை நாமேதான் தூக்க வேண்டும்.

தூரத்தைக் கிலோமீட்டரில் பார்த்து ஏமாறவேண்டாம். சரயேவோவிலிருந்து கோட்டோர் 250 கிலோமீட்டருக்கும் குறைவுதான், ஆனால் ஐந்தாறு மணி நேரம் ஆகும். போஸ்னியாவின் ஃபோச்சா ஊரைத் தாண்டினால் எல்லை வரை சாலை குறுகிப்போகிறது. மலைப்பகுதியில் சராசரியாக மணிக்கு 50 கிலோமீட்டர் என்று வைத்து, அதோடு ஒவ்வொரு எல்லைக்கும் ஒரு மணி நேரம் சேர்த்துக்கொள்ளுங்கள். ஜூலை, ஆகஸ்டில் கரசோவிச்சியில் இரண்டு மூன்று மணி நேரம் நிற்பது சகஜம். ஷெங்கன் எல்லைகளில் 2025 அக்டோபர் 12-இல் புதிய நுழைவு–வெளியேற்றப் பதிவு முறை படிப்படியாகத் தொடங்கியது. பாஸ்போர்ட்டில் முத்திரை குத்துவதற்குப் பதிலாக ஒவ்வொருவர் முகத்தையும் படம் எடுத்துப் பதிகிறார்கள். விசா தேவையில்லாமல் வருபவர்களிடம் கைரேகையும் வாங்குகிறார்கள். முன்னால் 50 பேரோடு ஒரு பஸ் நின்றால், எட்டுப் பேர் வேனும் அதன் பின்னால்தான் காத்திருக்க வேண்டும்.

அதனால் கோட்டோரில் காலையில் கிளம்பி, அன்று மதியமே டுப்ரோவ்னிக்கில் விமானம் ஏற்றும் திட்டத்தை ஒப்புக்கொள்ளாதீர்கள். கடைசி இரவு டுப்ரோவ்னிக்கில் தங்கவேண்டும். நல்ல ஓட்டுநர் கோட்டோர் வளைகுடாவைச் சுற்றாமல் லெபெதானே – கமெனாரி படகில் வேனை ஏற்றி, விடிகாலையிலேயே எல்லையைத் தாண்டிவிடுவார். வடக்கு மாசிடோனியாவின் ஒஹ்ரித் ஏரியிலிருந்து அல்பேனியா போகவும் இரண்டு சாவடிகள் இருக்கின்றன: ஸ்த்ருகாவுக்கு மேலே மலையில் ஒன்று, ஏரியின் தெற்கு முனையில் ஸ்வேத்தி நவும் பக்கம் ஒன்று. ஒன்றில் கூட்டம் என்றால் மற்றதற்குத் திரும்பத் தெரிந்தவரா என்பதுதான் ஓட்டுநரின் தரம்.

சாவடியில் ஓட்டுநர் எல்லாருடைய பாஸ்போர்ட்டையும் அடுக்கி ஜன்னலில் கொடுப்பார். திரும்பி வந்ததும் உங்களுடையதுதானா என்று திறந்து பாருங்கள். ஷெங்கனுக்கு வெளியே உள்ள நாடுகளில் நுழைவு முத்திரை விழுந்திருக்கிறதா என்றும் பாருங்கள். செர்பியாவில் தங்கும் ஒவ்வொரு இடத்திலும் 24 மணி நேரத்துக்குள் பதிவு செய்யவேண்டும். ஓட்டல்கள் செய்துவிடும். தனியார் வீட்டில் தங்கினால் 'பெலி கர்தோன்' என்ற வெள்ளைச் சீட்டைக் கேட்டு வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

போஸ்னியாவில் மலைச்சாலையோரம் இறங்கினால் தார்ச் சாலையைவிட்டுப் புல்லுக்குள் போகாதீர்கள். 1992–95 போரில் புதைத்த கண்ணிவெடிகள் இன்னும் முழுதாக அகற்றப்படவில்லை. மண்டையோடு போட்ட சிவப்புப் பலகை இல்லாத இடமும் பாதுகாப்பானது என்று பொருளல்ல. இயற்கை உபாதைக்குப் பெட்ரோல் நிலையத்தில் மட்டும் நிறுத்தச் சொல்லுங்கள்.

மோஸ்தாரின் பழைய பாலத்தை வழிகாட்டிகள் பேச்சில் கடத்திவிடுகிறார்கள். கால் வைக்கும் முன் கல்லைப் பாருங்கள். 1566-இல் கட்டி, 1993 நவம்பர் 9-இல் தகர்க்கப்பட்டு, 2004 ஜூலையில் மறுபடி திறந்த பாலம் அது. நடுவே கூரை முகடு மாதிரி உயர்ந்திருக்கும். சுண்ணாம்புக் கல் கோடிக் கால்கள் பட்டுக் கண்ணாடிபோல வழவழத்துவிட்டது. குறுக்கே சற்றே எழும்பிய கல் வரிகள் இருப்பது சறுக்காமல் ஏறத்தான். ஒவ்வொரு அடியையும் அந்த வரியை ஒட்டி வையுங்கள். தூறல் விழுந்தால் தோல் அடிச் செருப்பு உதவாது, ரப்பர் அடி வேண்டும்.

பணம் நாட்டுக்கு நாடு மாறும். யூரோ குரோஷியா, மொண்டெனேகுரோ, கொசோவோவில் செல்லும். 2026 ஜனவரி 1 முதல் பல்கேரியாவிலும் செல்லும். போஸ்னியாவின் மார்க் 1 யூரோவுக்கு 1.95583 என்று நிலையாகக் கட்டப்பட்டது. அதை அந்த நாட்டுக்கு வெளியே மாற்றுவது கடினம், எனவே கொஞ்சமாக எடுங்கள். அல்பேனியாவில் சந்தைக்காரர் 5,000 என்று சொல்லி 500 லெக் எதிர்பார்ப்பது உண்டு. 1965-இல் ஒரு பூஜ்யம் நீக்கிய பிறகும் வாய்க்கணக்கு பழையபடியே நிற்கிறது. கேட்டவுடன் நீட்டாமல் எழுதிக்காட்டச் சொல்லுங்கள். நுழைவுக் கட்டணங்கள் சுற்றுலாத் தொகையில் சேராவிட்டால் கை கடிக்கும். பிளிட்விட்சே கோடையில் சுமார் 40 யூரோ, டுப்ரோவ்னிக் மதில் 35-க்கு மேல்.

சைவம் சாப்பிடுபவர்கள் போஸ்னியாவில் 'புரெக்' கேட்டால் இறைச்சிதான் வரும். பாலாடைக்கட்டிக்கு 'சிர்னிட்சா', கீரைக்கு 'செல்யானிட்சா', உருளைக்கிழங்குக்கு 'க்ரொம்பிருஷா' என்று தனித்தனிப் பெயர். செர்பியாவில் 'போஸ்னோ' என்ற நோன்புச் சாப்பாட்டைக் கேட்கலாம். இறைச்சி, பால், முட்டை இருக்காது. மீன் இருக்கலாம் என்பதால் அதையும் சொல்லிவிடுங்கள்.

வழிகாட்டி பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். வேனோடு வரும் ஒருவரே எல்லா நாட்டு வரலாற்றையும் சொல்வது போதாது. சரயேவோ 1992 ஏப்ரல் முதல் 1996 பிப்ரவரி வரை முற்றுகையில் கிடந்த ஊர். அதைச் சரயேவோக்காரர் சொல்வதும் செர்பியத் தலைநகர் பெல்கிரேடுக்காரர் சொல்வதும் ஒன்றாக இருக்காது. அந்தந்த ஊரில் அந்த ஊர்க்காரரே இரண்டு மணி நேரம் பேசும் திட்டமாகப் பாருங்கள். அதற்குக் கொஞ்சம் கூடக் கொடுத்தாலும் தகும்.

உங்கள் சுற்றுலாப் பக்கத்தில் இனி பால்கன் பயணத் திட்டம் எதையாவது வெளியிட்டால், நாடுகளின் எண்ணிக்கைக்குப் பக்கத்தில் ஷெங்கன் நுழைவு எத்தனை, எந்தெந்தச் சாவடி, வண்டியில் எத்தனை பேர் என்ற மூன்றையும் சேர்த்துப் போடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்