"செப்டம்பர்" கோப்பு பற்றி எங்கள் டிஜே வாடிக்கையாளர்களுக்கு

அன்புள்ள தம்பிமார், தங்கச்சிமாருக்கு,

போன சனிக்கிழமை நிலாவெளி விருந்துக்குப் பிறகு உங்கள் வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிற படம் எனக்கும் வந்து சேர்ந்தது. எங்கள் கடையில் பதிந்து கொடுத்த எர்த், வின்ட் அன்ட் ஃபயர் என்ற அமெரிக்க இசைக்குழுவின் கோப்புறையில் "செப்டம்பர்" பாட்டின் ஸ்பெக்ட்ரம் படம், அதாவது எந்த உயரத்தில் எவ்வளவு ஒலி இருக்கிறது என்று காட்டுகிற படம். 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேலே, மிக உச்ச ஒலிகள் இருக்க வேண்டிய இடத்தில், ஒன்றுமே இல்லை. கீழே, "அண்ணையின் ஃபிளாக் எல்லாம் எம்பி3தான்" என்று எழுதியிருந்தது. ஃபிளாக் ஒலியை ஒன்றும் குறைக்காமல் சுருக்குகிற கோப்பு, எம்பி3 கொஞ்சத்தை எறிந்து சுருக்குகிற கோப்பு.

அந்த ஒரு பாட்டைப் பொறுத்தவரை படம் சரி. பிழை எங்கள் கடையில்தான் நடந்தது, மன்னித்துக்கொள்ளுங்கள். ஆனால் "எல்லாம்" என்ற சொல் இரண்டு இரவாக என்னைத் தூங்கவிடவில்லை.

நடந்தது இதுதான். நீங்கள் பதியக் கொண்டுவந்த சிடி தட்டுகள் பெரும்பாலும் 1975, 1977, 1979 ஆல்பங்கள். "செப்டம்பர்" அவற்றில் கிடையாது. 1978இல் தனிப்பாட்டாகவும், அதே வருடத் தொகுப்புத் தட்டிலும் வந்த பாட்டு அது. கல்யாண வீட்டில் முதலில் கேட்கிற பாட்டு இல்லாவிட்டால் நீங்கள் குறைப்படுவீர்கள் என்று, அப்போது எங்களோடு நின்ற தம்பி எங்கேயோ கிடந்த 128 கேபிபிஎஸ் (குறைந்த தர) எம்பி3யை ஃபிளாக் ஆக்கிச் சேர்த்துவிட்டார். அவர் இப்போது கத்தாரில். கெட்ட எண்ணத்தில் செய்ததில்லை. ஆனால் எம்பி3 ஆக்கும்போது எறிந்த ஒலி ஃபிளாக் ஆக்கினால் திரும்பி வராது. கொடுக்க முன் நான் பார்த்திருக்க வேண்டும்.

மற்றப் பாட்டுகள் அத்தனையும் உங்கள் தட்டிலிருந்தே எடுத்தவை: சிடியில் இருக்கிற அதே 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ், ஒரு துளியும் விடாமல். தட்டை இரண்டு தரம் வாசித்து ஒப்பிட்ட லாக் கோப்பு (பதிவுக் குறிப்பு) ஒவ்வொரு ஆல்பத்தோடும் இருக்கிறது, திறந்து பாருங்கள். "செப்டம்பருக்கு" மட்டும் அது இராது.

1975 ஆல்பத்தின் படத்தையும் போட்டு "இதுவும் மேலே மங்குது" என்று ஒருவர் கேட்டிருந்தார். அது டேப்பில் பதிந்த காலம், தம்பி. டேப்பின் ஒலி மேலே போகப் போக உப்புவெளிக் கடற்கரை மாதிரி மெல்லச் சரியும். எம்பி3 என்றால் மதில் மாதிரி ஒரே கோட்டில் நிற்கும். படத்தை நம்பாவிட்டால் காதை நம்புங்கள்: கீ லாக் (வேகம் மாறினாலும் சுருதி மாறாமல் வைக்கிற வசதி) போட்டு வேகத்தை ஆறு வீதம் குறைத்து டிரம்ஸின் ஹை-ஹாட்டை (ஜோடித் தாளத்தட்டை) கேளுங்கள். எம்பி3யில் அது தண்ணீருக்குள் தட்டுவது போலச் சலசலக்கும். அந்தக் குழுவின் வெர்டீன் வைட்டின் பேஸ் கிட்டாரும் ஹோர்ன்ஸும் பெரிய ஸ்பீக்கரில் கலங்காமல் வரத்தானே இவ்வளவு பாடுபடுகிறோம்.

சரி, இனிச் செய்ய வேண்டியது. அந்தக் கோப்பை இன்றைக்கே அழித்துவிடுங்கள். 1978 தொகுப்புத் தட்டு வைத்திருப்பவர்கள் கொண்டுவாருங்கள், காசு வாங்காமல் பதிந்து தருகிறேன். இல்லாதவர்கள் இணையத்தில் லாஸ்லெஸ்ஸாகவே (ஒலி குறையாமலே) விலைக்கு வாங்கலாம். கடைக்கு வந்தால் பக்கத்தில் இருந்து காட்டித் தருகிறேன். பழைய சிடிஜே-2000 டிஜே பிளேயர் ஃபிளாக் வாசிக்காது, அதை வைத்திருப்பவர்களுக்கு வழமைபோல ஏஐஎஃப்எஃப், அதுவும் ஒலி குறையாத கோப்புதான்.

2022இல் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் நின்றபோதும் ஹார்ட் டிஸ்க்கைத் தந்துவிட்டு, "ஆறுதலாகச் செய்யுங்கோ அண்ணை" என்று சொல்லிப் போனவர்கள் நீங்கள். இந்தப் படம் வந்த அன்றும் மூன்று பேர் நேரே கடைக்கு வந்து, "என்ன நடந்தது?" என்று முகத்தைப் பார்த்துக் கேட்டார்கள். அந்த மூன்று பேரையும் நான் மறக்கமாட்டேன். எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி.

ஆள் ஒன்று குறைந்ததால் இனித் தட்டு எடுக்க நாலு நாள் ஆகும், கட்டணமும் 350 இலிருந்து 500 ரூபாய்.

மே மாதம் சீசன் தொடங்க முன் உங்கள் டிரைவ்களைக் கொண்டுவாருங்கள், ஒவ்வொரு கோப்பையும் உங்கள் முன்னாலேயே திறந்து பார்ப்போம். போயா (பௌர்ணமி) நாளில் மட்டும் கடை பூட்டு.

அன்புடன்,
கடைக்கார அண்ணன்
மத்திய வீதி, திருகோணமலை