பதிவாகாத சாவைப் பூச்சியம் என்று எழுதாதீர்கள்

போரையும் வன்முறையையும் புள்ளியியலாலும் கணித மாதிரிகளாலும் ஆராய்வோருக்கும், அந்த ஆய்வுகளுக்கான தரவுத்தொகுப்புகளைப் பேணுவோருக்கும்,

வணக்கம்.

மோதல்களைப் பற்றிய செய்திக் குறிப்புகளைப் படித்து, எங்கே, எப்போது, யாரால், எத்தனை பேர் என்ற கட்டங்களை நிரப்பும் வேலையைச் சில ஆண்டுகள் செய்தவன் என்ற முறையில் இம்மடலை எழுதுகிறேன். உங்கள் மாதிரிகளுக்குள் போகும் எண்களில் ஒரு சிறு பகுதி என் கையால் உள்ளிடப்பட்டது. அவை எப்படி உள்ளே வந்தன என்பது எனக்குத் தெரியும். அவை வெளியே எவ்வளவு உறுதியோடு பேசப்படுகின்றன என்பதையும் பார்த்துவருகிறேன். இவ்விரண்டுக்கும் நடுவிலுள்ள தூரம்தான் என்னை எழுத வைத்தது.

"பலர் கொல்லப்பட்டனர்" என்று ஒரு குறிப்பு வரும். எத்தனை பேர் என்று அதில் இருக்காது. எங்கள் கையேடு "பலர்" என்றால் 3 என்று எழுதச் சொன்னது. மிகைப்படுத்திவிடக் கூடாது என்ற நல்ல நோக்கத்தில் வகுக்கப்பட்ட விதி அது. அதை வகுத்தவர்கள் மேல் எனக்குக் குறையில்லை. ஊரின் பெயர் இல்லாமல் மாவட்டத்தின் பெயர் மட்டும் இருந்தால், நிகழ்வை மாவட்டத் தலைநகரின் மேல் ஒரு புள்ளியாக வைக்க வேண்டும். இடத்தின் துல்லியம் குறைவு என்று காட்டத் தனிக் கட்டம் இருந்தது உண்மைதான். ஆனால் தரவைப் பதிவிறக்கி வரைபடம் வரைபவர்களில் பலர் அந்தக் கட்டத்தைக் கவனிப்பதே இல்லை. பின்னொரு நாள், வன்முறை தலைநகரங்களைச் சுற்றியே குவிகிறது என்று விளக்கும் வரைபடம் ஒன்றைக் கண்டபோது, அந்தக் குவியலில் எத்தனை புள்ளிகள் இடம் தெரியாமல் நானே அங்கு வைத்தவை என்று நினைத்து மனம் கலங்கினேன். இவற்றைவிடப் பெரிய குறை, குறிப்பே வராத இடங்களைப் பற்றியது. அவற்றுக்கு நான் எதையும் எழுதவில்லை. ஆனால் தனித்தனி நிகழ்வுகள் நிலப்பரப்புக் கட்டங்களாகவும் மாதங்களாகவும் தொகுக்கப்பட்டபோது, யாரும் எழுதாத அந்த இடங்களில் பூச்சியம் தானாக வந்து உட்கார்ந்துகொண்டது.

உங்களிடம் நான் கேட்பது அதைப் பற்றியே: பார்த்து, எண்ணி, ஒருவரும் சாகவில்லை என்று உறுதி செய்த பூச்சியத்தையும், பார்க்க ஆளே இல்லாததால் விழுந்த பூச்சியத்தையும் ஒரே எண்ணாகக் கணக்கில் சேர்ப்பதை நிறுத்துங்கள்.

இத்துறையின் முன்னோடியான லூயிஸ் ஃபிரை ரிச்சர்ட்சனிடம் இந்தக் கவனம் இருந்தது. முதல் உலகப் போரில் ஆயுதம் ஏந்த மறுத்து, பிரான்சில், போரை எதிர்க்கும் கிறித்தவப் பிரிவினரான குவேக்கர்களின் ஆம்புலன்ஸ் அணியில் வண்டி ஓட்டியவர் அவர். வானிலையைக் கணக்கிட்டுக் கணிக்கும் முறைக்கு அடித்தளமிட்டவரும் அவரே. தாம் பணியாற்றிய வானிலைத் துறை விமானப்படை அமைச்சகத்தின் கீழ் வந்ததும் 1920-இல் வேலையை விட்டார். பின்னர் 1820 முதலான போர்களைத் திரட்டியபோது, இறந்தோரின் எண்ணிக்கையை நேரடியாக எழுதாமல் அதன் மடக்கையைக் (பத்தின் எத்தனையாவது அடுக்கு என்பதைக்) கொண்டு அளந்தார்: ஆயிரம் பேர் இறந்தால் அளவு 3, ஒரு கோடி பேர் இறந்தால் 7. பழைய போர்களின் எண்ணிக்கையை எவராலும் ஒற்றை எண்வரை சொல்ல முடியாது என்பதை அளவுகோலுக்குள்ளேயே ஏற்றுக்கொண்ட முறை அது. ஆண்டுதோறும் தொடங்கும் போர்களின் எண்ணிக்கை, தற்செயலான நிகழ்வுகளுக்குரிய பாய்சான் பரவலோடு ஒத்துப்போவதை அவர் காட்டினார். தனிக் கொலைகளுக்கும் சிறு போர்களுக்கும் இடைப்பட்ட மோதல்களுக்குப் போதிய பதிவுகள் இல்லை என்பதையும் மறைக்காமல் சொன்னார். இவ்வாய்வுகளின் இரு நூல்களும் அவர் மறைந்து ஏழு ஆண்டுகள் கழித்து, 1960-இல்தான் வெளிவந்தன.

அவருக்குப் பின் வந்த தொகுப்புகளுக்கு ஒரு கோடு தேவைப்பட்டது. 1963-இல் அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் டேவிட் சிங்கர் தொடங்கிய திட்டம், போர்க்களச் சாவுகள் 1,000 இருந்தால்தான் ஒரு மோதலைப் போர் என்று கொண்டது. சுவீடனின் உப்சாலா பல்கலைக்கழகத் தொகுப்பு ஓர் ஆண்டில் 25 சாவுகள் என்ற கோட்டை வகுத்தது. எங்காவது கோடு போட்டுத்தான் ஆக வேண்டும். ஆனால் எண்ணுவோர் குறைவான நாட்டில் 25-ஐத் தொடுவதற்கு உண்மையில் எத்தனை பேர் சாக வேண்டியிருக்கிறது என்று நாம் கேட்டுக்கொள்வதில்லை.

எண்ணுவோர் எங்கே இருக்கிறார்கள் என்பது முடிவையே மாற்றிவிடும் என்பதற்கு உங்கள் துறையிலேயே நல்ல சான்று உண்டு. கைப்பேசிச் சேவை எட்டிய இடங்களில் வன்முறை கூடுதலாகக் காணப்படுகிறது என்று ஆப்பிரிக்காவைப் பற்றிய ஆய்வொன்று 2013-இல் கூறியது; கைப்பேசி ஆயுதக் குழுக்கள் ஒருங்கிணைய உதவுகிறது என்பது அதன் விளக்கம். பின்னர் நீல்ஸ் வைட்மன் என்ற ஆய்வாளர், ஆப்கானிஸ்தானில் செய்திகளிலிருந்து திரட்டிய தரவை அமெரிக்க இராணுவத்தின் சொந்தப் பதிவுகளோடு ஒப்பிட்டுப் பார்த்தார். கைப்பேசிச் சேவை உள்ள இடத்தில் நடந்த தாக்குதல் செய்தியாகும் வாய்ப்பே கூடுதல் என்று அவர் கண்டார். அப்படியானால் அந்தத் தொடர்பில் ஒரு பகுதியாவது வன்முறையைப் பற்றியதாக இல்லாமல், வன்முறை நம் காதுக்கு எட்டுவதைப் பற்றியதாக இருந்திருக்கக்கூடும். கோபுரம் இல்லாத பள்ளத்தாக்கு அமைதியான பள்ளத்தாக்காக நம் அட்டவணையில் இருந்திருக்கிறது.

காணாததைக் கணக்கில் கொள்ள வழியில்லை என்று நீங்கள் சொல்ல முடியாது, ஏனெனில் வழியைக் கண்டவர்களும் புள்ளியியலாளர்களே. பிறப்பு இறப்புப் பதிவில் எத்தனை விடுபட்டன என்று மதிப்பிடச் சந்திரசேகரும் டெமிங்கும் 1949-இல் விளக்கிய முறையின் கருத்து எளிமையானது. கணக்குக்காக இப்படி வைத்துக்கொள்வோம்: ஒரு பட்டியலில் 300 பெயர்கள், அதைச் சாராமல் எடுத்த இன்னொன்றில் 200 பெயர்கள், இரண்டிலும் இருப்பவை 60. இரண்டாவது பட்டியலின் 200 பெயர்களில் 60 மட்டுமே முதலாவதில் உள்ளன என்றால், முதல் பட்டியல் மொத்தத்தில் பத்தில் மூன்று பங்கைத்தான் பிடித்திருக்கிறது. ஆகவே மொத்தம் ஏறத்தாழ 1,000. நம் கையில் இருப்பவையோ 440 பெயர்கள். மீதி 560 பேர் எந்தத் தாளிலும் இல்லாதவர்கள்.

பெருவின் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 1980 முதல் 2000 வரையிலான வன்முறைக்கு இம்முறையின் விரிந்த வடிவத்தைக் கையாண்டது. அதனிடம் முறையிடப்பட்ட கொலைகளும் காணாமற்போதல்களும் 24,000-க்குச் சற்றுக் குறைவு. 2003-இல் அது வெளியிட்ட மதிப்பீடோ 69,280, அதுவும் 61,007-க்கும் 77,552-க்கும் இடையில் என்ற பிழை எல்லையோடு. பாதிக்கப்பட்டவர்களில் நான்கில் மூவர் கெச்சுவா அல்லது வேறொரு பூர்வகுடி மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். தலைநகரின் அலுவலகங்களுக்கு எட்டாத தொலைவில் அவர்கள் வாழ்ந்ததற்கும், அந்த இரு எண்களுக்கும் நடுவிலுள்ள இடைவெளிக்கும் தொடர்பில்லை என்று என்னால் நம்ப முடியவில்லை.

அந்த மதிப்பீட்டையும் வேதவாக்காக நான் கொள்ளவில்லை. 2019-இல் சில்வியோ ரெண்டோன் என்ற ஆய்வாளர் அதே தரவை வேறு வழியில் கணக்கிட்டு, மொத்தம் ஏறத்தாழ 48,000 என்றார்; ஆணையம் அரசை எதிர்த்துப் போரிட்ட மாவோயிசக் குழுவான ஒளிரும் பாதை இயக்கத்தின் மேல் பெரும்பங்கை வைத்திருக்க, இவர் கணக்கில் அரசின் பங்கு அதைவிடக் கூடியது. ஆணையத்துக்காகக் கணக்கிட்டவர்கள் அதை மறுத்து எழுதினார்கள். யார் சரி என்று தீர்ப்புச் சொல்லும் தகுதி எனக்கில்லை. பட்டியல்கள் ஒன்றையொன்று எப்படிச் சார்ந்திருக்கின்றன, ஓரிடத்தில் சாட்சி சொன்னவர் மற்றோரிடத்தில் ஏன் வாய் திறக்கவில்லை என்பதைப் பற்றிய ஓர் அனுமானம் மாறினால், யார் அதிகம் கொன்றார்கள் என்ற விடையே மாறிவிடலாம் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அந்த அனுமானத்தை அறிக்கையின் பின்னிணைப்பில் வைத்துவிட்டு எண்ணை மட்டும் முதல் பக்கத்தில் அச்சிடுவது நியாயமாகாது.

ஈராக்கிலும் இதுவே நடந்தது. 2003 படையெடுப்பு முதல் 2006 நடுப்பகுதி வரை வன்முறையால் இறந்தவர்கள் ஏறத்தாழ 6,01,000 பேர் என்று 2006-இல் லான்செட் மருத்துவ இதழில் வந்த ஆய்வும், 1,51,000 பேர் என்று 2008-இல் வந்த குடும்பநலக் கணக்கெடுப்பும் கூறின. இரண்டுமே விரிந்த பிழை எல்லைகளோடு வெளியிடப்பட்டவை. பொதுவெளியில் அவரவர் தம் நிலைப்பாட்டுக்கு ஏற்ற ஒற்றை எண்ணை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

நான் கூடுதலான எண்களுக்காக வாதாடுவதாக எவரேனும் நினைக்கலாம். போஸ்னியப் போரில் இரண்டு லட்சம் பேர் இறந்தார்கள் என்று நெடுங்காலம் சொல்லப்பட்டது. பெயர் பெயராகத் தொகுத்தபோது அது ஒரு லட்சத்தின் அருகில் நின்றது. கவனமாக எண்ணியதில் குறைந்தால் குறைந்ததாகவே எழுத வேண்டும். அப்படி எழுதப்பட்ட பெயர்களுக்கு ஊதிய எண்ணைவிட மதிப்பு அதிகம்.

கணிப்பு மாதிரிகளை உருவாக்குவோரிடம் கூடுதலாக ஒன்று சொல்ல வேண்டும். உலகைச் சிறு சிறு கட்டங்களாகப் பிரித்து மாதந்தோறும் எங்கே வன்முறை வெடிக்கும் என்று கணிக்கும்போது, ஆகப் பெரும்பாலான கட்டங்களில் பூச்சியமே இருக்கும். எங்கும் எதுவும் நடக்காது என்று சொல்லும் மாதிரிகூட மிக உயர்ந்த துல்லியம் பெற்றுவிடும். அந்தப் பூச்சியங்களில் ஒரு பகுதி பார்க்கப்படாத இடங்களின் பூச்சியம் என்றால், மாதிரி கற்றுக்கொள்வது செய்தியாளர்கள் எங்கே போகிறார்கள் என்பதைத்தான். அதன் கணிப்பை நம்பிக் கண்காணிப்பாளர்களும் உதவிப் பணமும் ஏற்கெனவே பார்க்கப்பட்ட இடங்களுக்கே அனுப்பப்பட்டால், அடுத்த ஆண்டின் தரவு அந்த மாதிரியை மெய்ப்பித்துக் காட்டும். காவல்துறைப் பதிவுகளைக் கொண்டு குற்றத்தைக் கணிக்கும் மென்பொருள்களில் இந்தச் சுழல் 2016-லேயே விளக்கிக் காட்டப்பட்டிருக்கிறது. போருக்கான மாதிரிகள் அதற்கு விலக்கு என்று கருத எனக்குக் காரணம் தெரியவில்லை.

1945-க்குப் பின் உலகம் அமைதியை நோக்கித் திரும்பிவிட்டது என்று உறுதியாகப் பேசுவோருக்கும் இது பொருந்தும். 1823 முதல் 2003 வரை நாடுகளுக்கிடையே நடந்த 95 போர்களை ஆராய்ந்த ஏரன் கிளாசெட், இந்த அமைதி இன்னும் 100 முதல் 140 ஆண்டுகள் நீடித்தால்தான் தற்செயலிலிருந்து புள்ளியியல்படி பிரித்தறியக்கூடிய போக்காகும் என்று 2018-இல் எழுதினார். பதிவுகள் மிகுதியாக உள்ள அரசுகளின் போர்களுக்கே நிலை இதுவென்றால், பதிவுகள் அரிதான உள்நாட்டு வன்முறையின் ஏற்ற இறக்கங்களைப் பற்றி நாம் இன்னும் தாழ்ந்த குரலில் பேச வேண்டும்.

ஆகவே, தொகுப்புகளில் வெற்றுக் கட்டத்துக்கும் பூச்சியத்துக்கும் வெவ்வேறு குறி வையுங்கள். அந்த மாதத்தில் அந்த இடத்திலிருந்து தகவல் தர எவரேனும் இருந்தார்களா என்பதைத் தனிக் கட்டத்தில் எழுதுங்கள். அதை எழுத முடியாத இடங்களை வரைபடத்தில் வெள்ளையாக விடாமல் தெரியாத பகுதி என்று தனி நிறத்தில் காட்டுங்கள். குறைந்த மதிப்பீட்டையும் கூடிய மதிப்பீட்டையும் ஏற்கெனவே தருகிற தொகுப்புகள் உண்டு; அவற்றைக் கையாளுவோர் நடு எண்ணை மட்டும் எடுத்துக்கொள்வதை ஆய்விதழ்கள் ஏற்கக் கூடாது. இவற்றுக்குச் செலவும் உழைப்பும் ஆகும் என்பது அந்த வேலையைச் செய்த எனக்குத் தெரியும்.

என் சார்பில் ஒரு சிறு விண்ணப்பமும் உண்டு. நான் உள்ளிட்ட வரிகளில் ஒன்றில் ஒரு கிராமத்தின் பெயரும் ஒரு நாளும் 3 என்ற எண்ணும் இருக்கின்றன. மூலக் குறிப்பில் அந்த எண் இல்லை; "பலர்" என்ற சொல்தான் இருந்தது. அந்த எண்ணுக்கு அருகில் மூலச் சொல்லையும் எழுத ஒரு கட்டம் திறந்தால், பழைய குறிப்புகளை மறுபடி படித்து, என் வரிகள் முழுவதற்கும் அச்சொற்களை நானே நிரப்பித் தருகிறேன்.

மதிப்புடன்,
உங்கள் அட்டவணைகளில் வரிகளை நிரப்பியவர்களில் ஒருவன்