'சேவைக்கு வந்தவர்கள்' என்ற அந்த ஒரு வரி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தேர்த் திருவிழாப் பாதுகாப்பு ஏற்பாடுகளைப் பற்றிச் சென்ற ஞாயிறன்று தங்கள் நாளிதழில் வந்த கட்டுரையின் கடைசிப் பத்தியில், "சேவை மனப்பான்மையோடு வந்த ஊர்க்காவல் படையினர் போலீசாருக்கு நிகரான ஊதியம் கேட்பது பொருத்தமாக இல்லை" என்று ஒரு வரி இருந்தது. எழுதியவர் அத்துடன் அடுத்த வேலையைப் பார்க்கப் போயிருப்பார். 23 ஆண்டுகள் அந்தக் காக்கியை உடுத்தி, 2021-ல் விலகிய எனக்குத்தான் அந்த வரியைத் தாண்டி அடுத்த பக்கத்தைப் புரட்ட முடியவில்லை.

1946-ல் பம்பாயில் தொடங்கி, 1962 சீனப் போருக்குப் பிறகு நாடு முழுவதற்கும் திருத்தி அமைக்கப்பட்ட இந்தப் படை, நம் மாநிலத்தில் 1963-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி இயங்குகிறது என்பது தாங்கள் அறியாததல்ல. வக்கீல், பள்ளி ஆசிரியர், ஜவுளிக்கடைக்காரர் என்று சொந்த வருமானம் உள்ளவர்கள் ஓய்வு நேரத்தில் வந்து நின்றுவிட்டுப் போன காலம் ஒன்று இருந்ததையும் நான் மறுக்கவில்லை. நான் சேரும்போதே அந்தக் காலம் மலையேறிவிட்டது. ஸ்டேஷனில் ஆள் இல்லாத இடத்தையெல்லாம் எங்களை வைத்து நிரப்பினார்கள். இரவு ரோந்து, சிக்னல், கோயில் பந்தோபஸ்து, தேர்தல் என்று வேலை மாறியது, 'தொண்டர்' என்ற பெயரை மட்டும் யாரும் மாற்றவில்லை. அழைக்கப்பட்ட நேரத்தில் போலீசாருக்கு உள்ள அதிகாரம் எங்களுக்கும் உண்டு என்று சட்டம் சொல்கிறது. அதிகாரத்தில் நிகர் என்றபோது பொருத்தமின்மை எவர் கண்ணுக்கும் படவில்லை போலிருக்கிறது.

இமாசலப் பிரதேச ஊர்க்காவல் படையினர் தொடுத்த வழக்கில் 2015 மார்ச் 11 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பைக் கட்டுரையாளர் படித்திருப்பார் என்றே நம்புகிறேன். எங்களை நிரந்தர ஊழியராக்க வேண்டியதில்லை என்று அதே தீர்ப்பு சொன்னதையும் நான் மறைக்கவில்லை. ஆனால், 30 நாள் படித்தொகையைக் கூட்டினால் அந்த மாநிலக் காவலரின் குறைந்தபட்ச ஊதியத்துக்கு ஈடாக வரும்படி நாள் தொகையை நிர்ணயிக்க வேண்டும் என்றும் நீதிபதிகள் எழுதியிருக்கிறார்கள். நம்மூரில் அது எப்படி நடந்தது என்பதைக் கேளுங்கள். நாளொன்றுக்கு 560 ரூபாய் என்று அறிவித்தார்கள். நாங்களும் இனிப்பு வாங்கிக் கொடுத்தோம். பின்னாலேயே, மாதத்துக்கு ஐந்து நாள்தான் டூட்டி என்றார்கள். 560-ஐ 30-ஆல் பெருக்கினால் 16,800. ஐந்தால் பெருக்கினால் 2,800. எனக்கு வந்தது இரண்டாவது தொகை. அதே நாட்களில் என்னோடு நின்ற இரண்டாம் நிலைக் காவலரின் அடிப்படை ஊதியம் மட்டும் 18,200. ஆறாவது நாள் கூப்பிட மாட்டார்களா என்று கேட்காதீர்கள். கூப்பிடுவார்கள், வாய்மொழியாக.

2014 மழைக்காலத்தில் ஓர் இரவு, புறவழிச்சாலையில் வாகனச் சோதனை. தடுப்புக்கு அந்தப் பக்கம் ஓர் இளம் காவலர், இந்தப் பக்கம் நான். அவர் மேல் அரசாங்க மழைக்கோட்டு. என் மேல் உரச் சாக்கைப் பிரித்து என் மனைவி தைத்துக் கொடுத்தது. விடியப்போகும் நேரத்தில் ஒரு பால் வண்டி தடுப்போடு எங்கள் இருவரையும் சேர்த்து இடித்தது. அவருக்குத் தோள்பட்டை, எனக்கு இடது முழங்காலுக்குக் கீழே எலும்பு. ஒரே ஆம்புலன்ஸில்தான் போனோம். அவருக்கு மருத்துவ விடுப்பு கிடைத்தது, சம்பளம் ஒரு நாளும் நிற்கவில்லை. அது அவருக்கு உரியது, அதில் எனக்குப் பொறாமை கிடையாது. என் பெயருக்கு நேரே மூன்று மாதம் பதிவேட்டில் சிவப்புக் கோடு. டூட்டி இல்லையேல் படித்தொகை இல்லை. உதவித்தொகை என்று ஒன்று வந்தது, பதினோரு மாதம் கழித்து; அதற்குள் என் மனைவியின் வளையல்கள் அடகுக்கடையில் மூழ்கிவிட்டன. கையைத் தொட்டில் கட்டிக்கொண்டு என்னைப் பார்க்க வந்த அந்தத் தம்பி, "அண்ணே, நான் வேணா எழுதிக் கேட்கட்டுமா?" என்றார். யாருக்கு எழுதுவது என்பது அவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை.

இது எங்களோடு தொடங்கிய கதையும் அல்ல. டெல்லி காவல்துறையில் ஓட்டுநர் காவலராக இருந்த ரண்தீர் சிங், மற்றத் துறை ஓட்டுநர்களும் இதே வண்டியைத்தான் ஓட்டுகிறார்கள், எனக்கு மட்டும் ஏன் குறைந்த ஊதிய விகிதம் என்று கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். சம வேலைக்குச் சம ஊதியம் என்பது வெற்று முழக்கமல்ல, அரசமைப்புச் சட்டத்தின் வழியே அடையத்தக்க இலக்கு என்று 1982-ல் நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய தீர்ப்பு அவர் வழக்கில் வந்ததுதான். அவர் கேட்டதும் பொருத்தமாக இல்லை என்று அன்றைக்கும் எவரேனும் ஒரு பத்திரிகையில் எழுதியிருக்கக்கூடும்.

திருவிழா என்றதும் இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. தேர் நிலைக்கு வந்த பிறகு, மதியம் இரண்டரை மணிக்குச் சாப்பாட்டுப் பொட்டலம் வந்தது. எண்ணிப் பார்த்துவிட்டு, "முதலில் போலீசார் வாங்கிக்கொள்ளட்டும்" என்றார்கள். எங்கள் வரிசைக்கு வந்தபோது தயிர்சாதம் தீர்ந்து ஊறுகாய் மட்டும் மிஞ்சியிருந்தது. வடத்தருகே விழுந்த கிழவியை இரண்டு மணி நேரம் முன்பு தூக்கி வெளியே விட்டவர் எங்கள் வரிசையில் இருந்த பெண்தான். அடுத்த நாள் தங்கள் நாளிதழில் "போலீசார் மீட்டனர்" என்று படத்துடன் வந்தது. அந்தப் படத்தை அவர் இன்னமும் வைத்திருக்கிறார்.

ஊதியத்தைத் தங்களிடம் கேட்டுப் பயனில்லை என்பது எனக்குத் தெரியும். நான் கேட்பது வேறு. அடுத்த முறை பந்தோபஸ்துச் செய்தியில் "இத்தனை நூறு போலீசார்" என்று அச்சிடும்போது, அதில் ஊர்க்காவல் படையினர் எத்தனை பேர் என்பதைத் தனியாக ஓர் எண்ணில் போடுங்கள். மாவட்டச் செய்தியாளர் கேட்டால் கொடுக்கக்கூடிய எண்தான் அது. என் தம்பி மகன் இன்னும் படையில் இருப்பதால் என் பெயரை வெளியிட வேண்டாம்.

இப்படிக்கு,
ஊர்க்காவல் படை முன்னாள் பிரிவுத் தலைவர்,
டெல்டா மாவட்டம்.